மானிட்டரின் பேக்லைட் டியூபை வீட்டிலேயே சோதிப்பது எப்படி

2010-ஆம் ஆண்டுக்கு முன் வாங்கிய எல்.சி.டி. மானிட்டர்கள் இன்னும் பல வீடுகளிலும் கடைகளின் பில் போடும் மேசைகளிலும் ஓடிக்கொண்டிருக்கின்றன. அவற்றில் பெரும்பாலானவற்றின் திரைக்குப் பின்னால் ஒளி தருவது எல்.இ.டி. அல்ல, பென்சிலுக்குள் இருக்கும் கரிக்குச்சியைவிடச் சற்றே தடித்த, பாதரச ஆவி கொண்ட மெல்லிய கண்ணாடிக் குழல்கள்தாம். பழுதுபார்ப்பவர்கள் இவற்றைச் சி.சி.எஃப்.எல். என்றும், பேக்லைட் டியூப் என்றும் சொல்வார்கள். இந்த டியூபுகளில் ஒன்று கெட்டாலும் திரை முழுவதும் இருண்டுவிடும் என்பதால், மானிட்டரே போய்விட்டது என்று முடிவுகட்டிப் பழைய சாமான் கடைக்குப் போட்டுவிடுவது வழக்கமாக இருக்கிறது. என்னுடைய 17 அங்குல மானிட்டருக்கும் ஒரு பழுதுபார்க்கும் கடையில் "பேனல் அவுட்" என்றுதான், அதாவது திரைப் பகுதியே போய்விட்டது என்றுதான் சொன்னார்கள். வீட்டில் திறந்து பார்த்தபோது நான்கு டியூபுகளில் ஒன்றின் முனையில் வயரை ஈயத்தால் ஒட்டிய பற்றவைப்பு விட்டிருந்தது, அவ்வளவுதான். சரியாகச் சோதிக்காமல் ஒரு பொருளைக் குப்பையாக்கக் கூடாது என்ற எண்ணத்தில்தான் இதை விரிவாக எழுதுகிறேன்.

முதலில், கோளாறு பேக்லைட்டில்தான் இருக்கிறதா என்பதை மானிட்டரைத் திறக்காமலேயே தெரிந்துகொள்ளலாம். சுவிட்சைப் போட்டதும் படம் ஒன்றிரண்டு விநாடி தெரிந்துவிட்டு மறைகிறது, ஆனால் பவர் பட்டனில் இருக்கும் சிறு விளக்கு எரிந்துகொண்டே இருக்கிறது என்றால் சந்தேகம் வலுக்கிறது. அறையை இருட்டாக்கி, திரையின்மீது ஒரு டார்ச்சைச் சாய்வாகப் பிடித்து உற்றுப் பாருங்கள். எழுத்துகளும் சின்னங்களும் நிழல்போல மங்கலாகத் தெரிந்தால், படம் உருவாகும் பகுதி நலமாக இருக்கிறது, ஒளி மட்டும் இல்லை என்று பொருள். டார்ச் அடித்தும் ஒன்றும் தெரியவில்லை என்றால் கோளாறு வேறிடத்தில் இருக்கிறது. டியூபைச் சோதித்துப் பயனில்லை. காலையில் போட்டவுடன் திரை இளஞ்சிவப்பாக இருந்து மெல்ல வெளுப்பதும், ஓரம் மட்டும் மங்குவதும், ஒளி துடிப்பதும் டியூப் முதுமையடைந்ததற்கான அடையாளங்கள்.

ஒரு டியூப் கெட்டால் நான்கும் ஏன் அணைகின்றன என்பதைப் புரிந்துகொண்டால் சோதிக்கும் முறையும் தானாகவே விளங்கும். இந்த டியூபுகளை எரிய வைப்பது மானிட்டருக்குள் இருக்கும் இன்வெர்ட்டர் என்னும் மின்சுற்று. மின்தடையின்போது வீட்டில் விசிறியை ஓட்டும் இன்வெர்ட்டரோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். இது 12 வோல்ட் அல்லது அதற்குச் சற்று மேற்பட்ட நேர்மின்சாரத்தை வாங்கி, பல பத்தாயிரம் முறை விநாடிக்குத் திசைமாறும் உயர் மின்னழுத்தமாக மாற்றித் தருகிறது. டியூப் பற்றிக்கொள்வதற்கு ஆயிரம் வோல்ட்டுக்கு மேல் தேவைப்படும்; பற்றிய பிறகு சுமார் 500 முதல் 800 வோல்ட்டில், சில மில்லி ஆம்பியர் மின்னோட்டத்தில் நின்று எரியும். ஒவ்வொரு டியூபிலும் மின்னோட்டம் போகிறதா என்பதை இன்வெர்ட்டரில் இருக்கும் ஐ.சி. என்னும் சிப் கண்காணிக்கிறது. ஒன்றில் மின்னோட்டம் இல்லையென்றால், திறந்த முனையில் உயர் மின்னழுத்தம் நின்று தீப்பொறி பறக்காமல் இருக்க, ஓரிரு விநாடியில் எல்லாவற்றையும் அணைத்துவிடுகிறது. ஆகவே அந்த இரண்டு விநாடி வெளிச்சம், இன்வெர்ட்டர் தன் வேலையைச் சரியாகச் செய்கிறது என்பதற்கே பல நேரங்களில் சான்றாக இருக்கிறது.

இனி, மின்சாரத்தை அளக்கும் மல்டிமீட்டரைப் பற்றிச் சொல்ல வேண்டும், ஏனென்றால் பலரும் இங்கேதான் தவறுகிறார்கள். வீட்டுச் சுவரில் மாட்டும் பழைய டியூப்லைட்டின் இரு முனைகளிலும் இழை உண்டு. அதனால் மீட்டரை வைத்து "கன்டினியூட்டி", அதாவது இணைப்பு அறாமல் இருக்கிறதா என்று, பார்க்கலாம். சி.சி.எஃப்.எல். டியூபில் இழையே கிடையாது. இரு முனைகளிலும் ஒரு சிறு உலோகக் கிண்ணம் மட்டும் இருக்கிறது, நடுவில் வாயு. நல்ல டியூபும் கெட்ட டியூபும் மீட்டரில் ஒன்றுபோலவே, இணைப்பு அறுந்ததாகவே காட்டும். சரி, எரியும்போது மின்னழுத்தத்தை அளந்து பார்க்கலாமே என்றால், அதைச் செய்யவே கூடாது. சாதாரண மீட்டர் 600 அல்லது 1000 வோல்ட்டுக்கும், வீட்டு மின்சாரத்தின் 50 ஹெர்ட்ஸை ஒட்டிய அதிர்வெண்ணுக்கும் செய்யப்பட்டது. இன்வெர்ட்டர் வெளியீட்டில் அதை வைத்தால் காட்டும் எண்ணும் பொய்யாக இருக்கும், மீட்டரும் கெடும், கையில் சுடும் ஆபத்தும் உண்டு. டியூபை எரியவைத்துத்தான் சோதிக்க முடியும். அதன் இடத்தில் நல்ல டியூப் ஒன்றை வைத்து ஒப்பிடுவதுதான் நம்பகமான வழி.

மானிட்டரைத் திறப்பதற்கு முன் பிளக்கைச் சுவரிலிருந்து பிடுங்கிவிட வேண்டும். சுவிட்சை மட்டும் அணைத்தால் போதாது. பவர் சப்ளைப் பகுதியில் மின்னூட்டத்தைச் சேர்த்து வைக்கும், கட்டைவிரல் பருமனுள்ள ஒரு பெரிய கெபாசிட்டர் இருக்கும். 230 வோல்ட் மாறுமின்சாரம் நேர்மின்சாரமாகும்போது அதில் சுமார் 325 வோல்ட் ஏறி நிற்கிறது. பிளக்கைப் பிடுங்கிய பிறகும் அது சிறிது நேரம் தங்கியிருக்கலாம். பத்து நிமிடம் விட்டுவிட்டு, மீட்டரை நேர்மின்சார 1000 வோல்ட் அளவில் வைத்து அந்தக் கெபாசிட்டரின் இரு கால்களிலும் பார்க்கவும். மின்னழுத்தம் இருந்தால், ஹோல்டரில் மாட்டிய பழைய இழை பல்பின் இரண்டு வயர்களை, காப்புள்ள பகுதியைப் பிடித்துக்கொண்டு, அந்தக் கால்களில் சில விநாடி தொட்டு இறக்கிவிடலாம். எல்.இ.டி. பல்பு இதற்கு ஆகாது. ஸ்க்ரூடிரைவரை வைத்து நேரடியாகத் தட்டும் பழக்கம் சிலரிடம் உண்டு; கண்ணுக்கும் போர்டுக்கும் கேடு என்பதால் அதை நான் ஏற்பதில்லை. இறக்கிய பிறகு இன்னொரு முறை அளந்து, பூஜ்யத்துக்கு வந்துவிட்டதை உறுதி செய்துகொண்டுதான் கையை உள்ளே விட வேண்டும்.

திறந்தவுடன் டியூபைத் தேடி ஓடாமல், பவர் சப்ளை போர்டில் நிற்கும் சிறிய கெபாசிட்டர்களின் தலையைப் பாருங்கள். தட்டையாக இருக்க வேண்டிய உச்சி உப்பியிருந்தாலோ, பழுப்பாக எதுவும் கசிந்திருந்தாலோ, முதலில் அவற்றை மாற்ற வேண்டும். 2000-க்குப் பிந்தைய சில ஆண்டுகளில் வந்த கருவிகளில் தரங்குறைந்த கெபாசிட்டர்கள் ஏராளமாகப் புகுந்திருந்தன. அவை வலுவிழந்தால் இன்வெர்ட்டருக்குப் போதிய மின்சாரம் கிடைக்காமல், டியூப் கெட்டதைப் போலவே இரண்டு விநாடியில் திரை அணையும். நல்ல டியூபைக் குற்றம் சொல்லிக் கழற்றிவிட்டு, பிறகு இதைக் கண்டுபிடிப்பதைவிட முன்பே பார்த்துவிடுவது மேல்.

17, 19 அங்குல மானிட்டர்களில் பெரும்பாலும் நான்கு டியூபுகள் இருக்கும்: மேல் ஓரத்தில் இரண்டு, கீழ் ஓரத்தில் இரண்டு. அவற்றிலிருந்து வரும் வயர்கள் இன்வெர்ட்டரில் இரண்டு பின் கொண்ட சாக்கெட்டுகளில் செருகப்பட்டிருக்கும். ஒவ்வொன்றிலும் சிறு காகிதம் ஒட்டி எண் எழுதிக்கொள்ளுங்கள். பிறகு அறையை இருட்டாக்கி, திரையின் முன் கைப்பேசியை நிறுத்தி, மெதுவாக ஓடும் வீடியோவாகப் பதிவு செய்துகொண்டே மானிட்டருக்கு மின்சாரம் கொடுங்கள். அந்த இரண்டு விநாடியை நிதானமாக ஓட்டிப் பார்த்தால், வெறுங்கண்ணுக்குத் தெரியாதது தெரியும்: எந்த ஓரம் இருட்டாக இருக்கிறது, எது துடிக்கிறது, எது சிவக்கிறது என்பதெல்லாம் அதில் பதிந்திருக்கும். கீழ் ஓரம் மங்கல் என்று வைத்துக்கொள்வோம். பிளக்கைப் பிடுங்கிவிட்டு, வயர் எட்டுமானால் மேல் டியூபின் வயரையும் கீழ் டியூபின் வயரையும் சாக்கெட்டில் இடம் மாற்றிச் செருகி, மறுபடி பதிவு செய்யுங்கள். மங்கல் கீழேயே இருந்தால் டியூபின் கோளாறு. மேலே ஏறிவிட்டால் இன்வெர்ட்டரின் அந்தப் பிரிவில் கோளாறு. கருவி எதுவும் வாங்காமல் செய்யக்கூடிய சோதனைகளில் இதைவிடத் தெளிவானது எனக்குத் தெரிந்து வேறில்லை.

வயர் எட்டாவிட்டால் நல்ல டியூப் ஒன்று வேண்டும். திரை உடைந்து கைவிடப்பட்ட மானிட்டர்கள் சென்னையில் ரிச்சி தெருப் பக்கமும், ஏறக்குறைய எல்லா ஊர்களிலும் பழைய எலக்ட்ரானிக் சாமான் வாங்குபவர்களிடமும் கிடைக்கும். அதே அளவுள்ள அப்படிப்பட்ட பேனல் ஒன்றை வாங்கிவந்தால், அதிலிருந்து டியூபைக் கழற்றக்கூடத் தேவையில்லை. அந்தப் பேனலைப் பக்கத்தில் மேசைமீது வைத்து, உங்கள் மானிட்டரின் முதல் சாக்கெட்டிலிருந்து சொந்த டியூபை எடுத்துவிட்டு அதில் இதன் வயரைச் செருகவும். மற்ற மூன்றும் அவற்றின் இடத்தில் இருக்கட்டும். மானிட்டர் அணையாமல் நின்று எரிந்தால் நீக்கிய டியூபே கெட்டது. இல்லையென்றால் இரண்டாவது, மூன்றாவது என்று வரிசையாகப் பார்க்க வேண்டும். ஒரே நேரத்தில் இரண்டு டியூபுகள் கெட்டிருந்தால் இப்படி ஒவ்வொன்றாக மாற்றி விடை கிடைக்காது. அப்போது நான்கு சாக்கெட்டுகளிலும் வெளிப் பேனலின் நான்கு வயர்களையும் செருகிப் பாருங்கள். அப்படியும் அணைந்தால் இன்வெர்ட்டரைத்தான் பார்க்க வேண்டும். எந்தச் சாக்கெட்டையும் காலியாக விட்டு மின்சாரம் கொடுக்காதீர்கள். மாற்றும் ஒவ்வொரு முறையும் பிளக் சுவரைவிட்டு வெளியே இருக்க வேண்டும். எரியும்போது ஒரு கையைப் பின்னால் வைத்துக்கொண்டு, எதையும் தொடாமல் பார்ப்பது நல்ல பழக்கம்.

தனி டியூபை மட்டும் எரியவைத்துப் பார்க்கும் டெஸ்டர்களும் விற்பனைக்கு வருகின்றன. கெட்டுப்போன பழைய ஸ்கேனர் வீட்டில் கிடந்தால் அதற்குள்ளும் இதே வகை டியூபும், அதை எரியவைக்கும் சிறு இன்வெர்ட்டரும் பெரும்பாலும் இருக்கும். பலவற்றில் அது 12 வோல்ட்டில் ஓடும். ஸ்கேனர் டியூப் நீளம் குறைந்தது என்பதால், மானிட்டர் டியூபை அந்த இன்வெர்ட்டர் முழு ஒளியோடு எரிக்காமல் போகலாம். ஆகவே முதலில் நல்லதென்று தெரிந்த, அதே நீளமுள்ள டியூபை அதில் எரித்துப் பார்த்துவிட்டு, பிறகு சந்தேகமான டியூபை ஒப்பிட வேண்டும்.

டியூப் எரியும் விதத்தைப் படிக்கத் தெரிந்துகொள்வது முக்கியம். நல்ல டியூப் முனையிலிருந்து முனைவரை ஒரே வெண்மையில் எரியும். ஒரு பாதி மட்டும் எரிந்தால் மறுமுனையின் வயரோ பற்றவைப்போ விட்டிருக்க வாய்ப்பு அதிகம். பத்து நிமிடம் கழிந்தும் ஊதாவோ இளஞ்சிவப்போ மாறாமல் இருந்தால், உள்ளே பாதரச ஆவி போதவில்லை. அந்த டியூபுக்கு வாழ்வு முடிந்துவிட்டது. முனையில் கண்மை அப்பியதுபோல் கருத்திருப்பதும் முதுமைதான், ஆனால் இலேசான கருமையோடு பல மாதம் எரியும் டியூபுகளையும் பார்த்திருக்கிறேன்; அதைமட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்லிவிட வேண்டாம்.

கெட்டதென்று தெரிந்த டியூபை வெளியே எடுக்கும் வேலை பொறுமையைக் கேட்கும். பல மானிட்டர்களில், பக்கத்தில் ஓரிரு திருகுகளைக் கழற்றினால், ப வடிவில் மடிந்த தகட்டோடு இரண்டு டியூபுகளும் சேர்ந்து உருவி வந்துவிடும். சிலவற்றில் பேனலையே பிரிக்க வேண்டியிருக்கும். அப்போது கண்ணாடியின் ஓரத்தில் ஒட்டியிருக்கும் மெல்லிய பழுப்பு நிறப் பட்டைகளை மடக்கினால் திரையில் நிரந்தரக் கோடுகள் விழும். விசிறியை நிறுத்திவிட்டு, துடைத்த மேசையில் செய்வது நல்லது, ஏனென்றால் உள்ளே புகும் ஒரு தூசியும் பிறகு புள்ளியாகத் தெரியும். டியூப் கைக்கு வந்ததும் முனையில் இருக்கும் ரப்பர் தொப்பியை மெதுவாகத் தள்ளிப் பாருங்கள். என் மானிட்டரில் அந்த ரப்பரின் உட்புறம் கருகிப் பழுப்பேறியிருந்தது. வயரும் டியூபின் கம்பியும் சேரும் இடத்தில், ஈயத்தைச் சுற்றி மயிரிழை அளவுக்கு வட்டமாக ஒரு விரிசல் ஓடியிருந்தது. பழைய ஈயத்தை எடுத்துவிட்டுப் புதிதாகப் பற்றவைத்தேன், அதே டியூப் மறுபடியும் எரிந்தது. சூட்டுக்கோலை மூன்று விநாடிக்குமேல் வைக்கக் கூடாது. கம்பி கண்ணாடிக்குள் நுழையும் இடம் சூட்டிலும் இழுப்பிலும் விரிசல் விட்டுவிடும். மேலே சாதாரண இன்சுலேஷன் டேப்பைச் சுற்றாமல், அந்த ரப்பர் தொப்பியையே திரும்பப் போடுங்கள், ஏனென்றால் அங்கே நிற்பது உயர் மின்னழுத்தம்.

நல்ல டியூபை வைத்தும் அணைகிறதென்றால், மின்சாரம் இல்லாத நிலையில் இன்வெர்ட்டர் டிரான்ஸ்ஃபார்மர்களின் உயர் மின்னழுத்தச் சுற்றை ஓம் அளவில் அளந்து ஒன்றோடொன்று ஒப்பிடுங்கள். அது பொதுவாகச் சில நூறு ஓம் முதல் ஆயிரத்துச் சில்லறை ஓம் வரை இருக்கும். எண் எவ்வளவு என்பதைவிட, ஒரே வகை டிரான்ஸ்ஃபார்மர்கள் ஏறக்குறைய ஒரே எண்ணைக் காட்டுகின்றனவா என்பதே முக்கியம். ஒன்று மட்டும் அறுந்ததாகக் காட்டினால் குற்றவாளி அதுதான்.

இங்கே சொன்ன இடமாற்றச் சோதனை மானிட்டர்களுக்கு உரியது. பெரிய தொலைக்காட்சிகளில் டியூபுகள் பத்துக்கு மேல் இருக்கும். சிலவற்றில் எல்லாம் ஒரே கம்பியில் இணையாக மாட்டப்பட்ட வேறு வகை டியூபுகள். அவற்றை வீட்டு மேசையில் பிரிக்க நான் யாருக்கும் சொல்வதில்லை.

டியூப் கையில் உடைந்துவிட்டால் பதற வேண்டாம், ஆனால் அலட்சியமும் கூடாது. உள்ளே இருக்கும் பாதரசம் சில மில்லிகிராம்தான். குழந்தைகளை வெளியே அனுப்பி, சன்னல்களைத் திறந்து, ஏ.சி.யை நிறுத்தி, கால்மணி நேரம் அறையைவிட்டு விலகி இருங்கள். துடைப்பத்தாலோ வேக்குவம் கிளீனராலோ கூட்டினால் பாதரசம் பரவும். தடித்த அட்டையால் துண்டுகளை ஒதுக்கி எடுத்து, நுண்ணிய தூளை ஒட்டும் டேப்பால் ஒற்றியெடுத்து, மூடியிட்ட கண்ணாடிச் சீசாவில் போட்டு வையுங்கள்.

பாதரசத்தைக் கட்டுப்படுத்தும் மினமாட்டா உடன்படிக்கையின் நாடுகள் 2022-இல் பாலியில் கூடியபோது, திரைகளுக்கான இந்த டியூபுகளின் தயாரிப்பையும் ஏற்றுமதி, இறக்குமதியையும் 2025-ஓடு நிறுத்த முடிவு செய்தன. எனவே இனி நமக்குக் கிடைப்பவை பழைய இருப்பும், கைவிடப்பட்ட பேனல்களில் இருப்பவையும்தான். மாற்று டியூப் தேடும்போது ரப்பர் தொப்பியை நீக்கிவிட்டுக் கண்ணாடியின் நீளத்தையும் விட்டத்தையும் மில்லிமீட்டரில் அளந்து, அதே அளவில் வாங்க வேண்டும். நல்ல டியூபுகளைச் செய்தித்தாளில் சுற்றி, இருமுனையும் மூடிய பி.வி.சி. குழாய்க்குள் வைத்தால் பல ஆண்டு பத்திரமாக இருக்கும். கெட்டவற்றையும் உடைக்காமல் அதேபோல வைத்திருந்து, மாசுக்கட்டுப்பாட்டு வாரியத்தின் அனுமதி பெற்ற மின்கழிவு சேகரிப்பவரிடம் கொடுத்துவிடுங்கள்.