லண்டனில் பழைய வீடா? தீ மூட்டும் முன் புகைபோக்கியைப் பாருங்கள்

நம்மூரில் சிம்னி என்றால் கேஸ் அடுப்புக்கு மேலே மாட்டும் மின்சாரப் பெட்டி. இங்கே கதை வேறு. ஈஸ்ட் ஹாம், டூட்டிங் பக்கம் நம்மவர்கள் வாடகைக்குப் பிடிக்கும் வரிசை வீடுகளில் பல, நூறு வருடம் தாண்டியவை. அறையில் ஒரு கணப்பு, அங்கிருந்து சுவருக்குள்ளேயே கூரைக்கு ஏறும் செங்கல் குழாய், உச்சியில் சுட்ட மண்ணில் ஒரு பானை. சென்ட்ரல் ஹீட்டிங் வந்ததும் பல வீடுகளில் இதை மறந்தே போனார்கள்.

நானும் முதல் குளிர்காலத்தில் ஆசைப்பட்டு நாலு விறகை வைத்துப் பற்றவைத்தேன். ஐந்தே நிமிடம், புகை மேலே போகாமல் ஹாலுக்குள் இறங்கியது. மறுவாரம் புகைபோக்கி துடைக்க வந்தவர் குழாயிலிருந்து இரண்டு சாக்குச் சுள்ளி எடுத்தார். ஜாக்டா என்று காக்கை இனத்துப் பறவை ஒன்று உண்டு. குழாய்க்குள் குச்சிகளைப் போட்டுப் போட்டே கூடு கட்டிவிடும். குஞ்சு இருக்கும்போது கூட்டைக் கலைப்பது 1981ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டப்படி குற்றம். அதனால் வசந்தத்தில் விழித்துக்கொண்டு பயனில்லை, செப்டம்பரில் ஆளைக் கூப்பிடுங்கள்.

கூடு இல்லாவிட்டாலும் கரி இருக்கும். ஈர விறகு எரிந்தால் அந்தப் புகை குழாயின் உட்சுவரில் தார் மாதிரி படியும். ஒருநாள் அதுவே பற்றிக்கொள்ளும். குழாய்க்குள் 'ஹோ'வென்று இரைச்சல் கேட்கும். அப்போது தண்ணீர் ஊற்றாதீர்கள், சூட்டில் செங்கல் வெடிக்கும். எல்லோரையும் வெளியே அனுப்பிவிட்டு 999க்கு அழையுங்கள். விறகு எரிப்பவர்கள் எரிக்கும் காலத்தில் மூன்று மாதத்துக்கு ஒருமுறையும், புகையில்லா நிலக்கரி எரிப்பவர்கள் வருடத்துக்கு ஒருமுறையாவது துடைக்க வேண்டும் என்பது இங்குள்ள வழக்கமான அறிவுரை. கேஸ் கணப்பு என்றால் அது 'கேஸ் சேஃப்' என்ற கேஸ் பணியாளர் பட்டியலில் பதிவு பெற்றவர் வேலை.

துடைப்பவருக்கு இங்கே சட்டப்படி உரிமம் கட்டாயமில்லை. யார் வேண்டுமானாலும் பிரஷ்ஷோடு வந்து நிற்கலாம். எனவே தொழில் சங்கத்தில் இருக்கிறாரா என்று கேளுங்கள், முடிந்ததும் சான்றிதழ் வாங்குங்கள். வீட்டுக் காப்பீட்டுக்காரர்கள் கேட்கக்கூடும். வாடகைக்கு இருந்தால், யார் செலவு என்பதை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் முன்பே பேசிவிடுங்கள்.

சரி, துடைத்தாயிற்று, எதை எரிப்பது? லண்டனில் பெரும்பகுதி புகைக் கட்டுப்பாட்டுப் பகுதி. 1952இல் நகரத்தையே மூடிய புகைமூட்டத்துக்குப் பிறகு 1956இல் வந்த சட்டத்தின் தொடர்ச்சி இது. அங்கே திறந்த கணப்பில் விறகு எரிக்கக் கூடாது. அனுமதிக்கப்பட்ட புகையில்லா எரிபொருள்தான். விறகு எரிக்க, இந்தத் தடையிலிருந்து அரசு விலக்களித்த ஸ்டவ் (குளிர்காயும் மூடிய அடுப்பு) வேண்டும். (நான் செய்தது சட்டப்படியே தப்பு என்பது பிறகுதான் தெரிந்தது.) புகை விட்டால் 300 பவுண்டு வரை அபராதம் வரலாம். விறகு மூட்டையில் 'ரெடி டு பர்ன்' முத்திரை இருக்கிறதா பாருங்கள்: ஈரப்பதம் 20 சதவீதத்துக்கு மேல் இல்லை என்று அர்த்தம்.

அடைத்த குழாயிலிருந்து வாசனையே இல்லாமல் அறைக்குள் வரும் கார்பன் மோனாக்சைடுதான் எனக்குப் பெரிய பயம். தலைவலி, வாந்தி வருகிற மாதிரி இருக்கும். ஃப்ளூ என்று நினைத்துப் படுத்துவிடுவோம். இங்கிலாந்தில் 2022 அக்டோபரிலிருந்து, கணப்போ பாய்லரோ பொருத்திய அறையில் இதற்கான அலாரம் வைப்பது வாடகைக்கு விடும் வீட்டு உரிமையாளரின் கடமை. இல்லையென்றால் கேட்டு வாங்குங்கள். அப்புறம், வெள்ளிக்கிழமை சாம்பிராணிக்கு மூட்டும் கரித்துண்டும் அதே வாயுவைத்தான் விடும். குளிருக்கு எல்லா ஜன்னலையும் சாத்திவிட்டு அதை அறையில் கனியவிட்டுத் தூங்கப் போகாதீர்கள்.

கணப்பே வேண்டாம் என்றாலும் குழாயை முழுக்கப் பூசி அடைக்காதீர்கள். காற்றுப் போக ஒரு சிறு கிராதி விடாவிட்டால், அடுத்த மழைக்காலத்தில் அந்தச் சுவரில் ஈரம் பூத்துவிடும்.