கால்களால் ஓவியம் வரைதல்: கசுவோ ஷிராகாவின் வழியில் ஒரு தொடக்கப் பயிற்சி

ஜப்பானின் அமகசாகி நகரில் கிமோனோ வணிகக் குடும்பமொன்றில் 1924-இல் பிறந்த கசுவோ ஷிராகா, கியோத்தோவில் மரபான ஜப்பானிய ஓவியத்தை முறையாகக் கற்றவர். கற்ற திறமை கையிலேயே தங்கிவிட்டதால், தாம் நினையாத கோட்டைக்கூட அந்தக் கை அழகாக இழுத்துவிடும் என்பது அவருக்குத் தடையாகத் தோன்றியிருக்க வேண்டும். தூரிகையை விலக்கிக் கத்தியையும் பிறகு விரல்களையும் முயன்றவர், 1954-இல் பாதங்களுக்கு வந்தார். மறு ஆண்டு ஜிரோ யோஷிஹாராவின் தலைமையிலான குதாய் என்னும் புதுமை நாடிய கலைஞர் குழுவில் சேர்ந்தார். அவ்வாண்டே தோக்கியோவில் நடந்த குழுவின் கண்காட்சியில் சேற்றுக் குவியலில் இறங்கிப் புரண்டு, உருக்குலைந்த அந்தச் சேற்றையே படைப்பாக விட்டுச் சென்றார்.

முதலில் தளத்தைச் செம்மை செய்யுங்கள். தரையில் தார்ப்பாய் விரித்து, அதன்மேல் சுமார் 4 அடிக்கு 5 அடி அளவுள்ள காடாத் துணியைப் பரப்பி, விளிம்புகளை ஒட்டுநாடாவால் இறுக்குங்கள். வெள்ளை அடிப்பூச்சை இருமுறை பூசி நன்கு உலரவிடுங்கள்.

அடுத்தது பிடிமானம், இந்த முறையின் உயிர் இதில்தான் உள்ளது. ஷிராகா மேலிருந்து தொங்கும் கயிற்றைப் பற்றிக்கொண்டு, உடல் எடையில் ஒரு பகுதியைக் கைகளில் ஏற்றி, கித்தான்மேல் வழுக்கியும் சுழன்றும் வரைந்தார். கயிறு இல்லாதிருந்தால் அவர் நடந்திருப்பார், அவ்வளவுதான். நீங்கள் மின்விசிறிக் கொக்கியில் கயிறு கட்டிவிட வேண்டாம். அது ஆளின் எடைக்கும் வீச்சுக்கும் ஏற்றதென்று நம்ப இயலாது. வலுவான சன்னல் கம்பியைப் பற்றிக்கொள்ளலாம், அல்லது உலர்ந்த தரையில் நிற்கும் ஒருவர் உங்கள் இரு கைகளையும் பிடித்துக்கொள்ளட்டும்.

வண்ணத்திற்கு ஷிராகா எண்ணெய் வண்ணத்தையே குவியலாகக் கொட்டினார். சில எண்ணெய் வண்ணங்களில் ஈயமும் காட்மியமும் இருப்பதாலும், தடித்த பூச்சு காய மாதக்கணக்கில் ஆகும் என்பதாலும், தொடக்க நிலையினர் நச்சற்றது எனக் குறிக்கப்பட்ட அக்ரிலிக் வண்ணத்தில் அதற்கான ஜெல்லைக் கலந்து கெட்டியாக்கிக்கொள்வது நல்லது. பாதத்தில் காயமிருந்தால் இறங்கவே வேண்டாம். இரண்டு நிறங்கள் போதும். கருஞ்சிவப்பும் கறுப்பும் எனது பரிந்துரை. வண்ணத்தை எடுத்துத் தர ஒருவர் உடனிருப்பது மிகவும் உதவும். ஷிராகாவுக்கு அப்படி உதவியவர் அவருடைய மனைவி ஃபுஜிகோ, அவரும் குதாய் குழுவின் ஓவியரே.

இப்போது சிவப்பை நடுவில் குவித்து, குதிகாலை அதில் ஊன்றி, எடையைக் கைகளுக்கு மாற்றியபடியே வெளிநோக்கி இழுங்கள். விரல் தடங்கள் தனித்தனியே பதிந்தால் நீங்கள் மிதிக்கிறீர்கள் என்று பொருள்; பாதம் வண்ணத்தைத் தள்ளிக்கொண்டு போனால்தான் ஓரங்களில் வரப்புபோல் மேடு எழும். சுவடு கோணலாக விழுந்தாலும் திருத்த முயலாதீர்கள், ஏனெனில் திருத்தத் தொடங்கிய கணமே பழகிய கையின் அறிவு காலுக்குள் புகுந்துவிடும். பிறகு கறுப்பைச் சேர்த்து, இரு நிறங்களும் ஒரே சேற்று நிறமாகக் குழையும் முன்பே நிறுத்துங்கள். எங்கே நிறுத்துவது என்பதுதான் மிகக் கடினமான பகுதி.

துணியைக் கிடைநிலையிலேயே உலரவிடுங்கள். உடனே நிமிர்த்தினால் மேடுகள் சரிந்துவிடும். பெயரை ஓவியம் முடிந்தபின் சூட்டலாம்: ஷிராகா தமது ஓவியங்கள் பலவற்றுக்கு, சீனப் பெருங்கதையான நீர்க்கரைக் கதையின் வீரர்களுடைய பெயர்களை இட்டார்.