யெஷில்சாம் தயாரிப்பாளரின் தொழில்வாழ்க்கையை எழுதும் முறை

துருக்கியின் பழைய வெகுஜன சினிமாவுக்கு யெஷில்சாம் என்று பெயர். இஸ்தான்புல்லின் பேயோலு பகுதியில், இஸ்திக்லால் வீதியிலிருந்து பிரியும் ஒரு சிறு தெருவின் பெயர் அது. படக் கம்பெனிகளின் அலுவலகங்கள் அங்கும் அதன் அக்கம்பக்கத்திலும் திரண்டிருந்ததால் தொழிலுக்கே அப்பெயர் நிலைத்துவிட்டது. அத்தெருவின் தயாரிப்பாளர் ஒருவரைப் பற்றி எழுத முனைவோர் முதலில் அவருடைய படப்பட்டியலைத்தான் தேடுகிறார்கள். பட்டியல் வேண்டியதுதான், ஆனால் பணம் வந்த வழி தெரியாமல் அதைப் படித்தால், அவர் ஏன் அந்தப் படங்களை எடுத்தார் என்பது கடைசிவரை விளங்காது.

ஆகவே, அவர் 1948க்கு முன் தொழிலுக்கு வந்தவரா, பின் வந்தவரா என்பதை முதலில் உறுதிசெய்துகொள்ளுங்கள். அதற்கு முந்தைய கம்பெனிகள் மிகச் சில: 1922இல் செடன் குடும்பத்தார் தொடங்கிய கெமால் பிலிம், 1928இல் இபெக்சி சகோதரர்கள் தொடங்கிய இபெக் பிலிம் போன்றவை. திரையரங்கும் வெளிநாட்டுப் பட இறக்குமதியும்தான் அவர்களுக்குச் சோறு போட்டன. 1948இல் உள்நாட்டுப் படங்களின் டிக்கெட் மீதான வரி 25 சதவீதமாகக் குறைக்கப்பட்டு, வெளிநாட்டுப் படங்களுக்கு 70 சதவீதமாக இருந்தபோது, சொந்தப் படம் எடுப்பது முதன்முறையாக லாபம் தரும் வியாபாரமாயிற்று. புதிய தயாரிப்பாளர்கள் பலர் அந்த வாசல் வழியாகத்தான் நுழைந்தார்கள்.

அப்படி எழுந்தவர்களுள் ஹுர்ரெம் எர்மான் நல்ல உதாரணம். ஹாலிதே எதிப் நாவலைத் தழுவி 1949இல் வெளிவந்த படத்தை இயக்கும் பொறுப்பை, அதுவரை பெரும்பாலும் கணக்கு, நிர்வாக வேலைகளைப் பார்த்துவந்த லுத்ஃபி அகாத்திடம் அவர் ஒப்படைத்தார். கிராமத்திலிருந்து இஸ்தான்புல்லுக்குப் பிழைக்க வந்தவர்களைப் பற்றி 1970களில் அகாத் எடுத்த மூன்று படங்களையும் எர்மான் பிலிமே தயாரித்தது. இத்தகைய நீண்ட உறவுகளைத் தேடிக் கண்டுபிடியுங்கள். தயாரிப்பாளரின் ரசனையும் துணிச்சலும் பேட்டிகளில் தெரிவதைவிட அவற்றில் தெளிவாகத் தெரியும்.

அடுத்து, ஏரியா முறையைக் கற்றுக்கொள்ள வேண்டும். இதில் அவசரப்படக் கூடாது. நாடு இஸ்தான்புல், இஸ்மிர், அங்காரா, அதானா, சாம்சுன், சோங்குல்தாக் என்று விநியோகப் பகுதிகளாகப் பிரிந்திருந்தது. படப்பிடிப்பு தொடங்கும் முன்பே அந்தந்தப் பகுதி விநியோகஸ்தர் முன்பணத்துக்குப் பிராமிசரி நோட்டு எழுதிக்கொடுப்பார். தயாரிப்பாளர் அதை வட்டிக்காரரிடம் தள்ளுபடிக்கு மாற்றிப் படச்சுருள் வாங்குவார், சம்பளம் கொடுப்பார். நோட்டு கொடுத்தவர் இன்ன நட்சத்திரம் வேண்டும், இன்ன வகைக் கதை வேண்டும் என்று கேட்கும் உரிமையையும் பெற்றுவிடுவார். ஒரு தயாரிப்பாளர் ஒரே ஆண்டில் நான்கு குடும்பக் கண்ணீர்க் கதைகளை எடுத்திருந்தால், அதை அவருடைய ஆசை என்று எழுதிவிடாமல், அந்த ஆண்டு யாருடைய நோட்டு அவர் கையில் இருந்தது என்று கேளுங்கள். 1972இல் ஏறக்குறைய 300 படங்கள் வெளிவந்த வேகமும் இந்தக் கடன் சங்கிலியைப் பார்த்தால்தான் புரியும்.

ஆதாரங்களைத் தேடும்போது இரண்டு ஆண்டுகளை நினைவில் வையுங்கள். 1928 வரை துருக்கி மொழி அரபு எழுத்தில் அச்சானது. குடும்பப் பெயர்களைக் கட்டாயமாக்கிய சட்டம் 1934இல்தான் வந்தது. அதனால் மூத்த தலைமுறையினர் பழைய ஆவணங்களில் வேறு பெயரில் இருக்கலாம். 1959இல் இஸ்தான்புல் மாநகராட்சிக் கிடங்கில் ஏற்பட்ட தீயில் பழைய படச்சுருள்கள் பல எரிந்துபோயின. அந்த இழப்பை நினைத்தால் இன்றும் மனம் கனக்கிறது. படம் கிடைக்காத இடத்தில் சுவரொட்டி, பத்திரிகை விளம்பரம், தணிக்கைக் குழுவின் கோப்பு ஆகியவற்றை நாடுங்கள். திரைக்கதையை முன்கூட்டியே தணிக்கைக்கு அனுப்ப வேண்டியிருந்ததால், எடுக்கப்படாமல் நின்றுபோன படங்களின் தடயமும் அக்கோப்புகளில் கிடைக்கக்கூடும். அவற்றைத் தனிப் பட்டியலாக வைத்து, முடிந்த படங்களுக்குப் பக்கத்திலேயே ஆண்டு வரிசையில் எழுதிக்கொள்ளுங்கள்.