கலிபோர்னியா காங்கிரஸ் தேர்தல்: நம் ஓட்டு எங்கெல்லாம் வீணாகிறது?

2026-இல் கலிபோர்னியாவின் 52 காங்கிரஸ் (அமெரிக்க நாடாளுமன்றப் பிரதிநிதிகள் சபை) தொகுதிகளுக்கும் தேர்தல். பிரைமரி எனப்படும் முதல்கட்டத் தேர்தல் ஜூன் 2, பொதுத்தேர்தல் நவம்பர் 3. கவர்னர் தேர்தலும் இதே வருடம் என்பதால் பேச்செல்லாம் அதைச் சுற்றியே இருக்கும். ஆனால் ஒரு ஓட்டுக்கு என்ன மதிப்பு என்று பார்க்க வேண்டுமானால் காங்கிரஸ் தொகுதிகளைத்தான் பார்க்க வேண்டும். 2024-இல் மத்தியப் பள்ளத்தாக்கின் 13-ஆம் தொகுதியில் ஆடம் கிரே ஜெயித்தது 187 ஓட்டு வித்தியாசத்தில். ஆரஞ்ச் கவுண்டிப் பக்கம் 45-ஆம் தொகுதியில் டெரெக் டிரான் ஜெயித்தது 653 ஓட்டில். இரண்டிலும் தோற்றவர்கள் பதவியில் இருந்த உறுப்பினர்கள்.

இப்போது பலர் செய்யப்போகும் தவறு, போன முறை இருந்த தொகுதியில்தான் இன்னும் இருக்கிறோம் என்று நினைத்துக்கொள்வது. 2025 நவம்பர் 4 அன்று தொகுதி எல்லைகளை மாற்றும் 50-ஆம் முன்மொழிவுக்கு ஆதரவாக மாநில மக்கள் ஓட்டுப் போட்டார்கள். அதோடு வரைபடமே மாறிவிட்டது. குடியரசுக் கட்சிக்கு ஐந்து இடம் கூடுதலாகக் கிடைக்கும் வகையில் டெக்சாஸ் தன் எல்லைகளைத் திருத்தியதற்கு இது பதிலடி; இங்கே ஜனநாயகக் கட்சிக்கு ஐந்து இடம்வரை கூடலாம் என்பது கணக்கு. 2026, 2028, 2030 தேர்தல்களுக்கு இந்த வரைபடம்தான். அதன்பிறகு எல்லை வரையும் வேலை 14 பேர் கொண்ட குடிமக்கள் ஆணையத்திடம் திரும்பிப் போகும்.

மாற்றம் எவ்வளவு பெரியது என்பதற்கு 41-ஆம் தொகுதியே போதும். ரிவர்சைடு கவுண்டியில் இருந்த அந்தத் தொகுதி அப்படியே லாஸ் ஏஞ்சலஸ் கவுண்டிப் பக்கம் போய்விட்டது. பல வருடங்களாக உறுப்பினராக இருக்கும் கென் கால்வர்ட், 40-ஆம் தொகுதியில் நிற்கப்போவதாக அறிவித்தார்; அங்கே அவருடைய குடியரசுக் கட்சியையே சேர்ந்த யங் கிம் ஏற்கெனவே உறுப்பினர். ஆகவே தொகுதி எண்ணையோ பழக்கமான பெயரையோ நம்பாதீர்கள். கவுண்டித் தேர்தல் அலுவலகத்தின் இணையதளத்தில் உங்கள் வீட்டு முகவரியைப் போட்டுப் பாருங்கள். பக்கத்துத் தெரு நண்பர் வேறு தொகுதியில் இருக்கக்கூடும்.

அடுத்தது, பிரைமரியைக் கட்சிக்காரர்களின் உள்விவகாரம் என்று விட்டுவிடுவது. மற்ற பல மாநிலங்களுக்கு அது பொருந்தலாம், இங்கே பொருந்தாது. 2012 முதல் கலிபோர்னியாவில் எல்லாக் கட்சி வேட்பாளர்களின் பெயரும் ஒரே வாக்குச்சீட்டில் வருகிறது. முதல் இரண்டு இடம் பிடிப்பவர்கள் மட்டும் நவம்பருக்குப் போகிறார்கள். இருவரும் ஒரே கட்சியாக இருந்தாலும் சரிதான். பிடித்தவர் பெயரை நாமே எழுதிச் சேர்க்கும் வசதியும் நவம்பரில் கிடையாது. அந்த 2012-இலேயே 31-ஆம் தொகுதியில் நான்கு ஜனநாயகக் கட்சியினர் நின்று ஓட்டைப் பிரித்துக்கொள்ள, முதல் இரண்டு இடமும் குடியரசுக் கட்சிக்குப் போனது. ஜனநாயகக் கட்சி ஜெயிக்கக்கூடிய தொகுதி அது. மூன்றாவதாக வந்த பீட் அகிலார் 2014-இல்தான் அதைப் பிடித்தார்.

சிலிக்கான் பள்ளத்தாக்குக்காரர்கள் 2024-இன் 16-ஆம் தொகுதியை மறந்திருக்க மாட்டார்கள். பிரைமரியில் இரண்டாம் இடத்துக்கு எவன் லோ, ஜோ சிமிட்டியன் இருவருக்கும் தலா 30,249 ஓட்டு. மறுபடி எண்ணியபோது சிமிட்டியன் ஐந்தே ஓட்டில் வெளியேறினார். அந்தப் பிரைமரியில் "நவம்பரில் பார்த்துக்கொள்ளலாம்" என்று இருந்துவிட்டவர்களை நினைத்தால் எனக்கு இன்றும் ஆதங்கமாக இருக்கிறது. ஐந்து ஓட்டு என்பது ஒரே வீட்டில் இருக்கும்.

நம்மவர்கள் அதிகம் கவனிக்க வேண்டியது உறையின் மேல் போடும் கையெழுத்தை. இங்கே பதிவான எல்லா வாக்காளருக்கும் வாக்குச்சீட்டு தபாலில் வந்துவிடும். திருப்பி அனுப்பும்போது உறையில் இருக்கும் கையெழுத்தை, பதிவில் இருக்கும் கையெழுத்தோடு ஒப்பிடுகிறார்கள். குடியுரிமை வாங்கியபோது முழுப்பெயரை எழுதியிருப்போம்; பிறகு இனிஷியலோடு ஒரு கிறுக்கல் பழகியிருக்கும். சிலர் ஊரில் போட்ட தமிழ்க் கையெழுத்தையே இன்னும் போடுகிறார்கள். எதைப் போட்டாலும் பதிவில் இருப்பதைப் போலப் போடுங்கள். மாறியிருந்தால் பதிவைப் புதுப்பித்துவிடுங்கள். மனைவிக்காகக் கணவனோ, அப்பாவுக்காக மகனோ கையெழுத்துப் போடவே கூடாது. ஒரே வீட்டில் நாலு சீட்டு வந்தால் உறைகளும் மாறிப்போகின்றன. அவரவர் பெயர் அச்சிட்ட உறையை அவரவர் எடுத்து, அவரவரே கையெழுத்திட வேண்டும்.

தேர்தல் நாளன்று மாலை தபால் பெட்டியில் போடுவதும் வேண்டாம். அன்றைய முத்திரை இருந்து, ஏழு நாளுக்குள் வந்து சேர்ந்தால் எண்ண வேண்டும் என்கிறது மாநிலச் சட்டம். ஆனால் நீங்கள் போட்ட அன்றே முத்திரை விழும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. தவிர, தேர்தல் முடிந்தபின் வந்துசேரும் சீட்டுகளை ஏற்கலாமா என்ற கேள்வி மிசிசிப்பி மாநில வழக்கு ஒன்றின் மூலம் உச்ச நீதிமன்றம்வரை போயிருக்கிறது. கவுண்டியின் அதிகாரப்பூர்வ டிராப் பாக்ஸில் (வாக்குச்சீட்டு போடும் பெட்டி) சில நாள் முன்பே போட்டுவிட்டால் இந்தக் கவலையே இல்லை.

பதிவுக்குக் கடைசி நாள் தேர்தலுக்கு 15 நாள் முன்பு. நவம்பருக்கு அது அக்டோபர் 19. தவறவிட்டாலும் தேர்தல் நாள்வரை வாக்குமையத்துக்கு நேரில் போய்ப் பதிந்து ஓட்டுப் போடலாம்.

இனி, கிரீன் கார்டிலும் எச்-1பி விசாவிலும் இருப்பவர்களுக்கு. ஓட்டு குடியுரிமை பெற்றவர்களுக்கு மட்டும்தான். இது தெரிந்தவர்களும் டிஎம்வி (மோட்டார் வாகனத் துறை) கவுன்டரில் சிக்கிக்கொள்ளலாம், ஏனென்றால் ஓட்டுநர் உரிமம் எடுக்கும்போதே வாக்காளர் பதிவும் நடக்கும் ஏற்பாடு இருக்கிறது. 2018-இல் அங்கே நடந்த குளறுபடியில் தகுதியில்லாத சுமார் 1,500 பேர் பதிவாகிவிட்டதாக டிஎம்வியே சொன்னது. அவர்களில் குடியுரிமை இல்லாதவர்களும் இருந்தார்கள். பின்னாளில் குடியுரிமை கேட்டு என்-400 படிவம் நிரப்பும்போது, எப்போதாவது வாக்காளராகப் பதிந்ததுண்டா, ஓட்டுப் போட்டதுண்டா என்று கேட்பார்கள். தெரியாமல் நடந்தது என்ற பதில் எப்போதும் காப்பாற்றாது. நாட்டைவிட்டு அனுப்பும் அளவுக்குப் போகலாம். திரையில் வரும் குடியுரிமைக் கேள்வியை நிதானமாகப் படித்துப் பதில் சொல்லுங்கள். தவறிப்போய் வாக்குச்சீட்டு வந்தால் தொடாதீர்கள். உடனே ஒரு குடியேற்ற வழக்கறிஞரைப் பாருங்கள். நன்கொடை விஷயமும் அப்படித்தான். கிரீன் கார்டு இருந்தால் வேட்பாளருக்கு நன்கொடை தரலாம், எச்-1பியில் இருந்தால் கூடாது. நண்பர் வீட்டு நிதி திரட்டும் விருந்தில் நாலு பேரோடு சேர்ந்து பணம் போடுவதும் இதில் சேரும்.

கடைசியாக, தேர்தல் இரவின் எண்ணிக்கையை முடிவு என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். தபால் ஓட்டு மலைபோல் வரும் மாநிலம் இது. ஒவ்வொரு உறையின் கையெழுத்தையும் பார்த்துத்தான் திறக்கிறார்கள். முதல் நாள் முன்னிலை பிறகு மாறுவதில் மர்மம் எதுவும் இல்லை. ஆடம் கிரேயின் வெற்றி உறுதியானதே 2024 டிசம்பர் 3 அன்றுதான். அதனால் தேர்தல் முடிந்த பிறகும் சில வாரம் தபாலையும் மின்னஞ்சலையும் பாருங்கள். கையெழுத்து பொருந்தவில்லை, அல்லது போடவே இல்லை என்று கவுண்டியிடமிருந்து கடிதம் வந்தால், அதிலேயே ஒரு படிவமும் கடைசித் தேதியும் இருக்கும். அந்தத் தேதிக்குள் நிரப்பி அனுப்பிவிட்டால் உங்கள் ஓட்டையும் எண்ணுவார்கள்.