மக்பெத்: மன்னன் வேறு, நாடகம் வேறு — எழுதும்போதும் மேடையேற்றும்போதும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஸ்காட்லாந்து மன்னர் டங்கன் எப்படி இறந்தார் என்று கேட்டால், ஷேக்ஸ்பியரின் ‘மக்பெத்’ நாடகம் படித்தவர்கள் உடனே சொல்லிவிடுவார்கள்: இன்வர்னஸ் கோட்டையில், விருந்தாளியாக வந்த இடத்தில், தூக்கத்தில், தன் தளபதி மக்பெத்தின் கத்தியால். நாடகத்தைப் பற்றிய கேள்வியென்றால் இந்த விடை சரி, மன்னரைப் பற்றிய கேள்வியென்றால் தவறு. முதலாம் டங்கன் 1040 ஆகஸ்ட் 14 அன்று, இன்வர்னஸிலிருந்து ஏறக்குறைய 60 கிலோமீட்டர் கிழக்கே, எல்ஜின் பக்கத்தில் படையோடு வந்திருந்தபோது கொல்லப்பட்டார். அவர் நரைத்த கிழவரும் அல்லர். ஐரிஷ் ஆண்டுக்குறிப்பு ஒன்று அவர் ‘முதிராத வயதில்’ இறந்ததாகச் சொல்கிறது.

இடைக்கால ஸ்காட்லாந்து மன்னர்களைப் பற்றித் தமிழில் வரும் கட்டுரைகள், தேர்வு விடைகள், நாடக அறிமுகத் தாள்கள் ஆகியவற்றில் உள்ள பிழைகளில் பெரும்பாலானவை ஓர் இடத்திலிருந்துதான் கிளம்புகின்றன. மக்பெத் கதை மூன்று அடுக்காக நமக்கு வந்திருக்கிறது. அடியில் இருப்பவை 11ஆம் நூற்றாண்டின் சுருக்கமான குறிப்புகள். அவற்றின் மேல் 1527இல் ஸ்காட்டிஷ் அறிஞர் ஹெக்டர் போயஸ் லத்தீனில் எழுதி, பின்பு ஹோலின்ஷெட் என்பவரின் வரலாற்றுத் தொகுப்பு வழியாக ஆங்கிலத்துக்கு வந்த கதை வரலாறு. எல்லாவற்றுக்கும் மேலே, ஏறக்குறைய 1606இல் ஷேக்ஸ்பியர் எழுதி 1623இல் அச்சேறிய நாடகம். ஓர் அடுக்கில் உள்ளதை இன்னொன்றில் வைத்து எழுதினால் பிழை வந்துவிடும். தாளில் மூன்று நெடுவரிசை கோடிட்டு, ஒவ்வொரு செய்தியும் எந்த வரிசையில் விழுகிறது என்று எழுதிப் பார்த்துவிட்டுக் கட்டுரையைத் தொடங்குங்கள். அரை மணி நேர வேலைதான்.

கொலை இரவு யாருடையது

‘ஹோலின்ஷெட்டில் இருந்த மக்பெத் கதையை ஷேக்ஸ்பியர் அப்படியே எடுத்தார்’ என்ற வரி பல குறிப்பேடுகளில் இருக்கிறது. ஹோலின்ஷெட்டைத் திறந்து பார்த்தால், மக்பெத் டங்கனைக் கொல்லும் இடம் ஒன்றிரண்டு வாக்கியத்தில் முடிந்துவிடுகிறது. அதில் கத்தியும் இல்லை, இரவும் இல்லை, காவலர்கள்மேல் பூசிய ரத்தமும் இல்லை. நாம் மேடையில் பார்க்கும் அந்த இரவு, அதே நூலில் பல பக்கங்களுக்கு முன்னால், டஃப் என்ற வேறொரு மன்னரின் கதையில் இருக்கிறது. 10ஆம் நூற்றாண்டில் ஆண்ட டஃப், ஃபாரஸ் கோட்டையில் டான்வால்ட் என்பவனின் பொறுப்பில் தங்குகிறார். டான்வால்டை அவன் மனைவி தூண்டுகிறாள். மன்னரின் அறைக் காவலர்களுக்கு வயிறு முட்ட உணவும் மதுவும் கொடுத்து மயங்கித் தூங்க வைக்கிறார்கள். வேலையாட்களை ஏவிக் கொலையை முடித்த டான்வால்ட், காலையில் ஒன்றும் அறியாதவன்போல் கொதித்தெழுந்து, அந்தக் காவலர்களைத் தானே வெட்டிப் போடுகிறான்.

ஷேக்ஸ்பியர் இரண்டு மன்னர்களின் கதைகளை ஒட்டியிருக்கிறார். ஏன் என்பதையும் எழுதினால்தான் கட்டுரைக்குக் கனம் வரும். போர்க்களத்தில் ஒரு மன்னனை வீழ்த்தியவன் வெற்றியாளன், அவனுக்கு உறக்கம் கெட வேண்டியதில்லை. தன் கூரையின் கீழ் உறங்கும் விருந்தாளியைக் கொன்றவனுக்குத்தான் அடுத்த மூன்று அங்கங்களின் நடுக்கம் பொருந்தும். டான்வால்ட் ஆட்களை ஏவினான். நாடகத்தின் மக்பெத் தன் கையாலேயே செய்கிறான். இந்த ஒரு மாற்றத்தால்தான் கை கழுவும் காட்சிக்கே இடம் கிடைக்கிறது.

மனைவி விஷயமும் இப்படித்தான். மக்பெத்தின் மனைவியைப் பற்றி ஹோலின்ஷெட் சொல்வது, அவள் பேராசைக்காரி, அரசி என்ற பெயருக்கு ஏங்கிக் கணவனை நெருக்கினாள் என்ற ஒரே வாக்கியம். மற்றதெல்லாம் டான்வால்டின் மனைவியிடமிருந்தும் ஷேக்ஸ்பியரின் கற்பனையிலிருந்தும் வந்தது. வரலாற்றில் இருந்த பெண்ணின் பெயர் க்ருவாக். நாடகத்தில் அந்தப் பெயர் எங்கும் வராது. எனவே ‘ஷேக்ஸ்பியர் படைத்த க்ருவாக்’ என்று எழுதக் கூடாது. அவர் அரச குலத்தில் பிறந்தவர், வடக்கே மோரே பகுதியை ஆண்ட கில்லகோம்கனின் மனைவி. 1032இல் கில்லகோம்கன் ஐம்பது பேரோடு தீயில் எரிந்து இறந்த பிறகு மக்பெத்தை மணந்தார். முதல் திருமணத்தில் பிறந்த மகன் லுலாக். க்ருவாக் ரத்த வெறி பிடித்தவர் என்பதற்குப் பழைய ஆவணம் எதிலும் ஆதாரமில்லை. அவர் பெயரைச் சுமந்து நமக்குக் கிடைத்திருப்பது ஒரு கொடைக் குறிப்பு. ஃபின்லேயின் மகன் மக்பெத்தும் போய்ட்டேயின் மகள் க்ருவாக்கும், ஸ்காட்டுகளின் அரசனும் அரசியுமாகச் சேர்ந்து, லாக் லெவன் தீவின் துறவிகளுக்கு கர்க்னஸ் என்ற நிலத்தைக் கொடுக்கிறார்கள். அந்தப் பெண்ணைப் பற்றி எழுதுகிறவர்கள் இந்தக் குறிப்பிலிருந்து தொடங்க வேண்டும் என்பது என் கருத்து.

அரியணை யாருக்கு என்ற கணக்கு

‘மூத்த மகன் மால்கம்தான் முறைப்படி வாரிசு, மக்பெத் அபகரித்தான்’ என்பது மிகவும் பரவிய தவறு. 11ஆம் நூற்றாண்டு ஸ்காட்லாந்தில் தந்தைக்குப் பின் மூத்த மகன் என்ற விதி இன்னும் ஊன்றவில்லை. அரச குலத்தின் கிளைகளில், ஆளத் தகுந்த வயதுள்ள ஓர் ஆணிடம் பட்டம் போவதே பழைய வழக்கம். 1005 முதல் 1034 வரை ஆண்ட இரண்டாம் மால்கம் அதை உடைத்துத் தன் மகள் வழிப் பேரனான டங்கனுக்கு வழி செய்தார். 1033இல் அவர் கொன்றவர்களில் ஒருவர் க்ருவாக்கின் நெருங்கிய உறவினர். இந்தப் பின்னணியில் மக்பெத்துக்கும் உரிமை கோர இடம் இருந்தது.

இது நாடகத்துக்கு உள்ளேயும் வேலை செய்கிறது, பலர் கவனிப்பதில்லை. முதல் அங்கம் நான்காம் காட்சியில் டங்கன் எல்லார் முன்னிலையிலும் தன் மகன் மால்கமைக் கம்பர்லாந்து இளவரசனாக, அதாவது தன் வாரிசாக அறிவிக்கிறார். அந்த இடத்தில்தான் மக்பெத் ‘இது என் வழியில் கிடக்கும் படி’ என்ற பொருளில் தனக்குள் பேசிக்கொள்கிறான். வாரிசுச் சண்டை புரியாமல் ஒத்திகை பார்த்தால் இந்தக் காட்சி வெறும் பாராட்டு விழாவாகப் போய்விடும். அறிவிப்பு வந்தவுடன் டங்கனிலிருந்து மக்பெத் பக்கம் பார்வையாளர்களின் கண் திரும்பும்படி நிறுத்துங்கள். மற்ற பிரபுக்கள் அரைக்கணம் தயங்கிவிட்டு வணங்கினாலே போதும்.

பெயர்களும் எண்களும்

மூன்று மால்கம்களைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். டங்கனின் தாத்தா இரண்டாம் மால்கம். நாடகத்தின் இறுதியில் முடிசூடப் போகிறவர் மூன்றாம் மால்கம், 1058 முதல் 1093 வரை ஆண்டவர். முதலாம் மால்கம் இன்னும் முந்தியவர், இந்தக் கதையில் வரமாட்டார். ‘மக்’ என்று தொடங்குவதால் மக்பெத் என்பதை ‘பெத் என்பவரின் மகன்’ என்று எழுதுகிறார்கள். அது குடும்பப் பெயர் அன்று. ‘வாழ்வின் மகன்’ என்று பொருள்படும், கேலிக் என்ற மொழியின் இயற்பெயர். அவருடைய தந்தை ஃபின்லே.

தமிழில் எழுதும்போது உச்சரிப்பும் சிக்கல் தரும். பட்டமேற்பு நடக்கும் ஊரை எழுத்தைப் பார்த்து ‘ஸ்கோன்’ என்று எழுதுகிறோம், அங்கே சொல்வது ‘ஸ்கூன்’. ‘கிளாமிஸ்’ என்று எழுதுவதை அவ்வூரார் ‘கிளாம்ஸ்’ என்கிறார்கள். மக்பெத்தின் பட்டத்தைத் ‘தேன்’ என்று எழுதினால் வாசகர் தேனடையை நினைப்பார். ‘தேய்ன்’ என்று எழுதி, முதல் தடவை வரும்போது ‘மன்னருக்குக் கீழ் ஒரு பகுதியை நிர்வகிக்கும் பிரபு’ என்று விளக்கிவிடுங்கள். நாடகம் சொல்வதுபோல் வரலாற்று மக்பெத் கிளாமிஸுக்கோ காடருக்கோ தேய்னாக இருந்ததில்லை என்பதையும் சேர்த்துக்கொள்ளலாம். அவர் மோரே என்ற பெரிய வடபகுதியின் ஆட்சியாளர், அதற்கு ‘மோர்மேர்’ என்று பெயர்.

நாடகத்தில் மக்பெத்தின் தோழராக வந்து, அவன் ஏவிய ஆட்களால் கொல்லப்படும் பாங்கோவும் அவர் மகன் ஃப்ளீன்ஸும் வரலாற்றில் இல்லை. போயஸின் நூலில்தான் முதலில் தலைகாட்டுகிறார்கள். பின்னாளில் ஸ்காட்லாந்தை ஆண்ட ஸ்டூவர்ட் மன்னர்களுக்கு ஒரு பழமையான ஸ்காட்டிஷ் மூதாதை தேவைப்பட்டார். அந்தக் குடும்பத்தின் உண்மையான வேர் பிரான்ஸின் பிரித்தானி (Brittany) பகுதியில், டோல் என்ற ஊரில் இருக்கிறது. ஹோலின்ஷெட்டில் பாங்கோ கொலைக்கு உடந்தை. நாடகத்தில் கை சுத்தமானவர். 1603இல் இங்கிலாந்தின் அரியணையேறிய ஸ்டூவர்ட் மன்னர் ஜேம்ஸ் தன்னைப் பாங்கோவின் வழித்தோன்றலாகக் கருதினார் என்பதைச் சொன்னால் இந்த மாற்றத்தின் காரணம் விளங்கிவிடும். ஆனால் ‘நாடகம் 1606 ஆகஸ்டில் ஜேம்ஸ் முன்னிலையில் அரங்கேறியது’ என்று தேதியோடு எழுதாதீர்கள், அது ஊகம். தேதியோடு நமக்குக் கிடைத்திருக்கும் பழைய பார்வையாளர் குறிப்பு சைமன் ஃபோர்மன் என்பவருடையது. அவர் 1611இல் குளோப் அரங்கில் பார்த்திருக்கிறார். முதல் அரங்கேற்றத்தில் ஒரு சிறுவன் இறந்தான், அதிலிருந்து நாடகத்துக்குச் சாபம் என்ற கதைக்கும் 17ஆம் நூற்றாண்டில் சான்று இல்லை.

மேடையில் நடப்பவை

ஆளாளுக்குக் கட்டம் போட்ட பாவாடை மாட்டிவிட்டால் ஸ்காட்லாந்து வந்துவிடும் என்று நினைப்பது முதல் தவறு. உடலைச் சுற்றிக் கட்டும் நீண்ட போர்வை உடையே 16ஆம் நூற்றாண்டின் இறுதியில்தான் தெரியவருகிறது. இன்று பார்க்கும் குட்டைப் பாவாடையான கில்ட் 18ஆம் நூற்றாண்டு. குலத்துக்கு ஒரு கட்டம் என்ற ஏற்பாடு 19ஆம் நூற்றாண்டு. 11ஆம் நூற்றாண்டு வேண்டுமென்றால் முழங்கால் வரை நீளும் அங்கி, மேலே கம்பளிப் போர்வை, அதைத் தோளில் பிணைக்க ஓர் உலோக ஊக்கு, வட்டக் கேடயம், ஈட்டி போதும். இரும்பு வளையச் சட்டை வசதியுள்ள இருவர் மூவருக்கு மட்டும். பின்னணியில் கற்கோட்டை வரையாதீர்கள். மண்மேடும் மர வேலியும் மரக் கூடமும்தான் அக்காலத்தவை. இன்று பயணிகள் பார்க்கும் காடர் கோட்டை மக்பெத் இறந்து மூன்று நூற்றாண்டுகளுக்குப் பிறகு எழுந்தது. வேறு காலத்தில் வைத்து நடத்துவது இயக்குநரின் உரிமை. நாடகமே அப்படித்தான் செய்கிறது, நார்வே மன்னன் செலுத்தும் ஈட்டுத்தொகையை அக்காலத்தில் இல்லாத ‘டாலர்’ கணக்கில் சொல்கிறது. தவறு, கட்டப் பாவாடையைப் போட்டுவிட்டு ‘வரலாற்றுத் துல்லியம்’ என்று அறிமுகத் தாளில் அச்சிடுவதில்தான் இருக்கிறது.

முடிசூட்டு ஊர்வலம் சேர்ப்பவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். அன்றைய மன்னர் ஸ்கூன் குன்றில் ஒரு கல்லின் மேல் அமர்த்தப்பட்டார். கிரீடம் வைத்து எண்ணெய் பூசும் உரிமையைப் போப் ஸ்காட்லாந்து மன்னர்களுக்கு வழங்கியது 1329இல்தான்.

விருந்துக் காட்சியில் (மூன்றாம் அங்கம், நான்காம் காட்சி) பாங்கோவின் ஆவி எந்த இருக்கையில் உட்காருகிறது? காலியாக இருக்கும் ஏதோ ஒன்றில் உட்கார வைத்துவிடுகிறார்கள். 1623ஆம் ஆண்டு அச்சின் மேடைக்குறிப்பு தெளிவாக ‘மக்பெத்தின் இடத்தில்’ என்கிறது. ஃபோர்மனும் தான் பார்த்ததை அப்படியே எழுதிவைத்திருக்கிறார்: மக்பெத் எழுந்து நின்று பாங்கோவை நினைத்து மது அருந்தப்போகையில், ஆவி வந்து அவன் நாற்காலியில் அமர்ந்தது. கொல்லப்பட்டவனின் வம்சம் ஆளப்போகிறது என்பதை அந்த ஒரு நாற்காலி சொல்லிவிடுகிறது. ஆவியைக் கண்ணுக்குத் தெரியாமலே நடத்தினாலும் நடிகர் வெறிக்க வேண்டிய இருக்கை தன்னுடையதாக இருக்கட்டும்.

நான்காம் அங்கத்தில் சூனியக்காரிகள் மக்பெத்துக்குக் காட்டும் எட்டு மன்னர்களின் ஊர்வலம். இங்கே அச்சுப் பிரதியே தடுக்கிவிடும். மேடைக்குறிப்பைப் படித்தால் கடைசியில் வரும் பாங்கோவின் கையில் கண்ணாடி இருப்பதுபோல் தோன்றும். மக்பெத்தின் வசனமோ எட்டாவது மன்னன் கண்ணாடி ஏந்தி வருவதாகவும் அதற்குள் இன்னும் பலர் தெரிவதாகவும் சொல்கிறது. வசனத்தைப் பின்பற்றுங்கள்: கண்ணாடி எட்டாவது மன்னனிடம், பாங்கோ வெறுங்கையோடு பின்னால் வந்து அவர்களைத் தன் வம்சம் என்று காட்ட வேண்டும். எட்டு என்ற எண்ணுக்கும் காரணம் உண்டு. 1371இல் தொடங்கும் ஸ்டூவர்ட் வரிசையில் இரண்டு ராபர்ட்கள், ஆறு ஜேம்ஸ்கள். ஜேம்ஸின் தாய் மேரி விடுபட்டிருக்கிறார். ஆள் பற்றாக்குறையில் நான்கு பேரை மட்டும் நடக்கவிட்டால் இந்தக் கணக்கு உடைந்துவிடும். இரண்டு பேரையே சுற்றிச் சுற்றி வரவிட்டாலும் எட்டு முறை கடக்கட்டும்.

கொடுங்கோலனா, நல்லவனா

நாடகம் பொய் என்று தெரிந்தவுடன் மறுகோடிக்கு ஓடுவதும் தவறு. ‘உண்மையான மக்பெத் மக்கள் போற்றிய நல்லரசன், ஷேக்ஸ்பியர் களங்கப்படுத்திவிட்டார்’ என்று எழுதுகிறார்கள். நமக்குத் தெரிந்தவை சில: அவர் 17 ஆண்டு ஆண்டார். 1050இல் ரோமாபுரி போய் ஏழைகளுக்கு விதை தூவுவதுபோல் பணம் இறைத்தார். அவ்வளவு தூரம் போய்த் திரும்பியும் அரியணை அவருடையதாகவே இருந்தது, ஆகவே அவருடைய ஆட்சி ஓரளவு உறுதியாக இருந்திருக்க வேண்டும். 1045இல் டன்கெல்டில் நடந்த உள்நாட்டுச் சண்டையில் டங்கனின் தந்தை க்ரினான் இறந்தார், எனவே எதிர்ப்பும் இருந்தது. கில்லகோம்கன் இறந்த 1032இன் தீயை மூட்டியது யார் என்று ஆண்டுக்குறிப்பு சொல்லவில்லை. அதை மக்பெத்தின் தலையில் எழுதுவதும் கூடாது, அவருக்குச் சம்பந்தமே இல்லை என்பதும் கூடாது. களங்கப்படுத்தியது ஷேக்ஸ்பியரும் அல்லர். அவருக்கு முன்பே போயஸ் வழிவந்த கதையில், மக்பெத் பத்து ஆண்டு நல்ல சட்டங்களோடு ஆண்டுவிட்டுப் பின்பு கொடுங்கோலனாகிறான். ஷேக்ஸ்பியர் செய்தது அந்தப் பத்து ஆண்டுகளைத் தூக்கியெறிந்ததுதான்.

முடிவிலும் இதே சுருக்கம். நாடகத்தில் படைவீரர்கள் ஏந்திய கிளைகளாகப் பர்னம் காடு மக்பெத்தின் டன்சினேன் கோட்டைக்கு வருகிறது, சீவார்டின் ஆங்கிலப் படை வெல்கிறது, அன்றே மக்பெத்தின் தலை விழுகிறது. உண்மையில் சீவார்டின் போர் நடந்தது 1054 ஜூலை 27 அன்று. அதில் அவர் மகன் மாண்டது உண்மை. மக்பெத் தோற்றாலும் தப்பி இன்னும் மூன்று ஆண்டு மன்னராக இருந்து, 1057இல் வடகிழக்கே லம்ஃபனன் என்ற இடத்தில் மால்கமிடம் உயிரிழந்தார். நாடகத்தில் அவரைக் கொல்லும் மக்டஃப் என்ற பெயர் அக்காலக் குறிப்புகளில் இல்லை. உடனே மால்கம் பட்டமேறவும் இல்லை. இடையில் க்ருவாக்கின் மகன் லுலாக் சில மாதம் மன்னராக இருந்து, 1058 மார்ச் 17 அன்று கொல்லப்பட்டார். மன்னர் வரிசை அச்சிடும்போது மக்பெத்துக்கும் மூன்றாம் மால்கமுக்கும் நடுவே அவருக்கு ஒரு வரி ஒதுக்குங்கள்.