தருமபுரி வெயிலுக்கு எந்த ஜாதிப் பூனை தாங்கும்?

தருமபுரியில் மாட்டுத் தீவனக் கடை வைத்திருக்கிறேன். தவிடு, புண்ணாக்கு மூட்டைகளுக்குப் பக்கத்தில் பூனைத் தீனிக்கென்று ஒரு அலமாரி வந்தது. இப்போது அந்த அலமாரிக்குத்தான் விசாரிப்பு அதிகம். வருபவர்கள் செல்போனை நீட்டி, "அண்ணா, இந்தக் குட்டி வாங்கலாமா?" என்பார்கள். போட்டோவைப் பார்த்து நான் என்ன சொல்வது? ஆலம்பாடி மாடு பிடிக்கப் போனால் சுழி பார்க்கிறோம், பல்லைப் பிடித்துப் பார்க்கிறோம், நாலடி நடக்கவிட்டுப் பார்க்கிறோம். பூனைக்கு மட்டும் வாட்ஸ்அப்பே போதும் என்று எப்படி ஆனதோ தெரியவில்லை.

வீட்டிலிருந்து தொடங்குங்கள். ஓசூர், தளி பக்கம் இருப்பவர்கள் கொடுத்துவைத்தவர்கள். ஓசூர் 900 மீட்டர் உயரம் வாக்கில் இருப்பதால் ராத்திரிக் காற்று குளிர்ந்துவிடும். தருமபுரியும் கிருஷ்ணகிரியும் அப்படியில்லை. சித்திரை மாதத்தில் மொட்டை மாடிக்குக் கீழே இருக்கும் அறையில் மத்தியானம் நமக்கே தலை சுற்றும். அந்த அறையில் மெயின் கூன் வளர்க்க ஆசைப்படுகிறார்கள். அமெரிக்காவின் வடகிழக்கு மூலையில் பனிக்காகவே முடி வளர்த்த பூனை அது. கடுவன் 7, 8 கிலோவைச் சாதாரணமாகத் தொடும். ஏசி ஓடிக்கொண்டே இருக்கும் வீடு என்றால் சரி, இல்லையென்றால் வேண்டாம்.

நம் ஊரில் ஜாதிப் பூனை என்றாலே பெர்ஷியன்தான். அதிலும் விற்பவர்கள் டால் ஃபேஸ், செமி பஞ்ச், பஞ்ச் என்று பிரித்து விலை சொல்வார்கள். மூக்கு எவ்வளவு உள்ளே போகிறதோ அவ்வளவு விலை. எனக்கு இது தலைகீழாகப் படுகிறது. பூனைக்கு நம்மைப் போல உடம்பெல்லாம் வேர்க்காது. உள்ளங்காலில்தான் கொஞ்சம் வேர்க்கும். மிச்சச் சூட்டை நக்கி நக்கி ஈரமாக்கியும், முடியாதபோது மூச்சிரைத்தும்தான் தணிக்க வேண்டும். மூக்கே சப்பையாகி, துவாரம் கீறல் மாதிரி இருக்கும் பூனை எப்படி இரைக்கும்? கண்ணீர்ப் பாதையும் நெளிந்துவிடுவதால் பஞ்ச் முகப் பூனைக்குக் கண்ணோரம் எப்போதும் பழுப்பாக வடியும். காலையும் மாலையும் ஈரத்துணியால் துடைத்துக்கொண்டே இருக்க வேண்டும். அதனால் பெர்ஷியனேதான் வேண்டும் என்றால், மூக்கு நன்றாக நீண்டிருக்கும் டால் ஃபேஸாகப் பாருங்கள். விலையும் குறையும், வைத்தியச் செலவும் குறையும்.

அப்புறம் பெர்ஷியனின் அந்த நீள முடி. தினம் கால் மணி நேரம் இரும்புச் சீப்பால் வாரத் தயாரா? முதுகை வாருவது சுலபம், எல்லோரும் அதைத்தான் வாருகிறார்கள். சிக்கு விழுவது காதுக்குப் பின்னால், அக்குளில், அடிவயிற்றில். அங்கே சடை பிடித்துவிட்டால் தோலை இழுத்து வலிக்கும், பூனை சீப்பைக் கண்டாலே ஓடும். கத்தரிக்கோலால் மட்டும் வெட்டாதீர்கள். பூனைத் தோல் சடையோடு சேர்ந்து மேலே வரும், முடி என்று நினைத்துத் தோலையே வெட்டிவிடுவோம். மருத்துவரிடம் போய் மெஷின் போடுவதுதான் வழி. வீட்டில் எல்லோரும் வேலைக்குப் போகிறவர்கள் என்றால் குட்டை முடிப் பூனையாகப் பாருங்கள்.

குட்டை முடியில் என் ஓட்டு சயாமீஸுக்கு. தாய்லாந்திலிருந்து வந்த பூனை, சூடு அதற்குப் புதிதில்லை. பிறக்கும்போது வெள்ளையாக இருக்கும். உடம்பில் குளிர்ச்சியான இடங்களான காது, மூக்கு, கால், வால் மட்டும் போகப்போகக் கறுக்கும். குட்டி வெளிறியிருக்கிறது என்று ஏமாந்ததாக நினைக்க வேண்டாம். ஒன்று மட்டும்: வாய் ஓயாது. தனியாக விட்டுவிட்டுப் போனால் பக்கத்து வீட்டுக்காரர் வந்து சண்டை போடும் அளவுக்குக் கத்தும். பாட்டியோ தாத்தாவோ வீட்டில் இருந்தால் பொருத்தம்.

பிரிட்டிஷ் ஷார்ட்ஹேர் சாதுவானது, ஆனால் முடி குட்டையாக இருந்தாலும் அடர்த்தி. கோடையில் ஃபேன் காற்றும் குளிர்ந்த தரையும் வேண்டும். ஹிமாலயன், பெர்ஷியனையும் சயாமீஸையும் கலந்து உண்டாக்கியது. பெர்ஷியனுக்குச் சொன்னதெல்லாம் அதற்கும் பொருந்தும். பெங்கால் பூனையைச் சின்ன வீட்டில் அடைத்தால் திரைச்சீலை மிஞ்சாது. ஸ்காட்டிஷ் ஃபோல்ட் கேட்டால் நான் நேராகவே வேண்டாம் என்பேன். காது மடங்குவதற்குக் காரணமான அதே குறைதான் மூட்டுக் குருத்தெலும்பையும் கெடுக்கிறது. அழகு என்று நாம் நினைப்பது அதற்கு ஆயுசுக்கும் மூட்டு வலி. நாட்டுப் பூனையே போதுமே என்று சொல்லிப் பார்த்தேன், முகம் சுளிக்கிறார்கள். இப்போது சொல்வதை விட்டுவிட்டேன்.

சரி, ரகம் முடிவாகிவிட்டது. பெரும்பாலும் பெங்களூரிலிருந்துதான் குட்டி வரும். பஸ்ஸில் அனுப்பிவைக்கிறேன் என்பவரிடம் வாங்காதீர்கள். நேரில் போய்த் தாயைக் காட்டச் சொல்லுங்கள். தாய் எலும்பும் தோலுமாக இருந்தாலோ, காட்டவே மறுத்தாலோ திரும்பிவிடுங்கள். குட்டி தூங்கும்போது காதை அருகில் வைத்துக் கேளுங்கள். குறட்டைச் சத்தம் வரக்கூடாது. மேலுதட்டைத் தூக்கினால் ஈறு இளஞ்சிவப்பாக இருக்க வேண்டும். காதுக்குள் கறுப்புத் தூள் இருந்தால் காதுச் சிற்றுண்ணி இருக்கலாம். முடியை விலக்கி வட்ட வட்டமாகச் சொட்டை இருக்கிறதா பாருங்கள்; அது படர்தாமரை, பெர்ஷியன் குட்டிகளில் அடிக்கடி வரும், வீட்டுக் குழந்தைக்கும் ஒட்டிக்கொள்ளும். வாலைத் தூக்கிப் பாருங்கள், கழிந்த கறை இருக்கக் கூடாது.

வயது 12 வாரம் ஆகியிருந்தால் நல்லது, 8 வாரத்துக்குக் கீழே எக்காரணம் கொண்டும் வேண்டாம். தடுப்பூசி அட்டையில் மருந்துப் புட்டியின் ஸ்டிக்கரும் மருத்துவர் கையெழுத்தும் இருக்கிறதா பாருங்கள். "பேப்பர் உண்டு", அதாவது ஜாதிச் சான்றிதழ் உண்டு என்றால், சி.எஃப்.ஏ. அல்லது டி.ஐ.சி.ஏ. என்ற பூனைப் பதிவுச் சங்கங்களின் பதிவைக் கேளுங்கள். பேப்பர் இல்லாத குட்டி மோசம் என்று அர்த்தமில்லை, ஆனால் பேப்பர் விலை கொடுக்காதீர்கள். பெர்ஷியனில் சிறுநீரகத்தில் நீர்க்கட்டி வரும் பரம்பரை நோய் உண்டு. தாய் தகப்பனுக்கு டி.என்.ஏ. சோதனை செய்தீர்களா என்று கேட்டுப் பாருங்கள்; கேள்வி புரிகிறவர்தான் விஷயம் தெரிந்தவர்.

கோடையில் கூட்டிவருவதானால் விடியற்காலையில் கிளம்புங்கள். கூடையில் அடைத்து வெயிலில் நிறுத்திய காரில் ஐந்து நிமிடம்கூட விட்டுப் போகாதீர்கள். வந்ததும் ஒரே அறையில் வையுங்கள். பழைய வீட்டில் என்ன தீனியோ அதையே ஒரு வாரம் போடுங்கள். மாற்றுவதானால் பழையதோடு கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து மாற்றலாம். பால் வேண்டாம், வயிற்றால் போகும்.