வாங்கிய கேமைக் காணோமா? மறுபடி காசு கட்டுவதற்கு முன்

என் அக்கா மகன் ஒருநாள் இரவு போன் செய்தான். "மாமா, நான் வாங்கின கேமைக் காணோம். ஸ்டோர்ல போய்ப் பார்த்தா திரும்பவும் விலை காட்டுது. மறுபடி வாங்கணுமா?" குரல் கம்மியிருந்தது. பல மாதம் சேர்த்து வைத்த பணத்தில் வாங்கிய கேம் அது.

"எதையும் அழுத்தாதே. திரையின் மேல் ஓரத்தில் யார் படம் இருக்கிறது, பார்" என்றேன். அவன் அப்பாவின் படம் இருந்தது. முந்தைய நாள் இடம் போதவில்லை என்று அவனே கேமை டிலீட் செய்திருக்கிறான். அப்புறம் அவன் அப்பா ஏதோ படம் பார்க்க, கேம் ஆடும் கருவியான கன்சோலைப் போட்டவர், தன் ப்ரொஃபைலிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டார். பையன் தன் ப்ரொஃபைலுக்கு மாறியதும் விலை மறைந்து, அதே இடத்தில் டவுன்லோடு பட்டன் வந்தது.

இரண்டு நிமிடத்தில் தீர்ந்த விஷயம்தான். ஆனால் கேட்க ஆள் இல்லாமல், பதற்றத்தில் மறுபடி பணம் கட்டியவர்களை எனக்குத் தெரியும். அதனால்தான் இதை விரிவாக எழுதுகிறேன்.

டிஜிட்டலாக ஒரு கேமை வாங்கும்போது மூன்று தனித்தனிப் பொருட்கள் உருவாகின்றன. ஒன்று, விளையாடும் உரிமம். அது உங்கள் அக்கவுண்டில் பதிவாகிறது. இரண்டாவது கேமின் டேட்டா; அது கன்சோலின் ஸ்டோரேஜில் இறங்குகிறது. மூன்றாவது நீங்கள் விளையாடி முன்னேறியதன் பதிவு, அதாவது சேவ். மூன்றும் இருக்கும் இடம் வேறு, அழியும் விதமும் வேறு. இங்கே சொல்லப்போகும் தவறுகளில் பெரும்பாலானவை இந்த மூன்றையும் ஒன்றாக நினைப்பதால் வருபவை.

முகப்புத் திரையை மட்டும் பார்த்துத் தேடுவது

முகப்பில் தெரிபவை அண்மையில் திறந்த கேம்கள். நீங்கள் வாங்கிய எல்லாமே அங்கே வராது. பிளேஸ்டேஷன் 5-இல் கேம் வரிசையின் வலது கோடி வரை போனால் 'கேம் லைப்ரரி' இருக்கும். அதற்குள் 'இன்ஸ்டால்ட்' என்ற பகுதியைப் பார்த்துவிட்டு இல்லை என்று திரும்பிவிடுகிறார்கள். பக்கத்தில் உள்ள 'யுவர் கலெக்‌ஷன்' பகுதியில்தான் மொத்தப் பட்டியலும் இருக்கிறது. எக்ஸ்பாக்ஸில் 'மை கேம்ஸ் அண்ட் ஆப்ஸ்' திறந்து 'ஃபுல் லைப்ரரி'க்குள் போக வேண்டும். நின்டெண்டோவின் ஸ்விட்சில் அதன் ஸ்டோரான ஈஷாப்பைத் திறந்து, மேலே உள்ள உங்கள் ப்ரொஃபைல் படத்தைத் தொட்டால் 'ரீடவுன்லோடு' பட்டியல் கிடைக்கும்.

அங்கேயும் இல்லையென்றால் இரண்டு விஷயங்களைப் பாருங்கள். பட்டியலில் ஏதாவது ஃபில்டர் போட்டு மறந்திருக்கலாம். இல்லையென்றால் எப்போதோ 'ஹைட்' கொடுத்து மறைத்திருக்கலாம். இன்னொரு குழப்பமும் உண்டு: மூன்று பாகம் சேர்ந்த தொகுப்பாக வாங்கியிருந்தால், லைப்ரரியில் தொகுப்பின் பெயரில் ஒரே கேமாக இருக்கும், அல்லது மூன்றும் தனித்தனிப் பெயரில் இருக்கும். எந்தப் பெயரில் தேடுகிறோம் என்பதைப் பொறுத்து "காணோம்" என்று தோன்றும்.

விலை தெரிகிறதே என்று உடனே வாங்குவது

ஏற்கெனவே வாங்கிய கேமுக்கு ஸ்டோரில் விலை தெரிந்தால், பெரும்பாலும் காரணம் மூன்றில் ஒன்று: வேறு அக்கவுண்டில் இருக்கிறீர்கள், வேறு எடிஷனைப் பார்க்கிறீர்கள், அல்லது முன்பு டிஸ்கில் வாங்கியதை மறந்துவிட்டீர்கள். டிஸ்கிலிருந்து இன்ஸ்டால் செய்த கேமுக்கு டிஜிட்டல் உரிமம் கிடையாது. டேட்டா முழுவதும் கன்சோலில் இருந்தாலும் டிஸ்க் உள்ளே இருந்தால்தான் ஓடும். இதற்கு நேர்மாறான ஒன்று ஸ்விட்ச் 2-இல் வந்திருக்கிறது. 'கேம் கீ கார்டு' என்று விற்கப்படும் அட்டைகளில் கேமின் டேட்டா இருக்காது. அட்டையைச் செருகியதும் இணையத்தில் இருந்து முழு கேமையும் இறக்க வேண்டும், அப்புறம் விளையாடும்போதெல்லாம் அட்டையும் உள்ளே இருக்க வேண்டும்.

ஒரே வீட்டில் நாலு பேர் ஆளுக்கொரு ப்ரொஃபைல் வைத்திருந்தால், எதை யார் அக்கவுண்டில் வாங்குவது என்று முதலிலேயே பேசி முடிவு செய்துகொள்ளுங்கள். கேம் ஒருவர் பெயரிலும் அதன் கூடுதல் பகுதிகள் இன்னொருவர் பெயரிலும் சிதறிக்கிடந்தால் பின்னால் தலைவலி. நாடும் அப்படித்தான்: கிஃப்ட் கார்டு உங்கள் அக்கவுண்ட் பதிவாகியிருக்கும் நாட்டுடையதாக இருக்க வேண்டும். ஒரு நாட்டு டிஸ்குக்கு இன்னொரு நாட்டு ஸ்டோரில் வாங்கிய கூடுதல் பகுதி பொருந்தாமல் போவதும் உண்டு.

அப்புறம், வாங்கிய கையோடு டவுன்லோடு தொடங்கிவிடாதீர்கள், முக்கியமாக மனம் இன்னும் முழுதாக ஒப்பாத கேம் என்றால். பிளேஸ்டேஷன் ஸ்டோரின் பொது விதிப்படி 14 நாளுக்குள் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். ஆனால் டவுன்லோடு தொடங்கிவிட்டால் அந்த உரிமை போய்விடுகிறது.

டிலீட் செய்யப் பயப்படுவதும், பயப்படாமல் செய்வதும்

இதைக் கொஞ்சம் நிதானமாகப் படியுங்கள். இழந்தால் திரும்ப வாங்க முடியாத பொருள் இதில்தான் இருக்கிறது.

பிளேஸ்டேஷன் 5 முதலில் வந்தபோது அதன் ஸ்டோரேஜ் 825 ஜிபி. அதில் பயன்படுத்தக் கிடைப்பது ஏறக்குறைய 667 ஜிபிதான். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ்-இல் 512-க்கு 364 ஜிபி அளவில் கிடைக்கிறது. ஒரு பெரிய கேமே 100 ஜிபியைத் தாண்டும் காலத்தில் எதையாவது டிலீட் செய்யாமல் காலம் தள்ள முடியாது. "காசு போட்டு வாங்கியதாயிற்றே, டிலீட் செய்தால் போய்விடுமே" என்று சிலர் புதிய கேம் எதையும் இறக்காமலே இருக்கிறார்கள். அந்தப் பயம் வேண்டாம். கேமின் டேட்டாவை நீக்கினாலும் உரிமம் அக்கவுண்டில் அப்படியே இருக்கும். ஸ்விட்சில் 'ஆர்க்கைவ்' என்று ஒரு வழி இருக்கிறது: டேட்டா போய், ஐகான் மட்டும் முகப்பில் நிற்கும். அதைத் தொட்டால் மறுபடி இறங்கத் தொடங்கும்.

சேவ் கதை வேறு. பிளேஸ்டேஷன், ஸ்விட்ச் இரண்டிலும் கேமை டிலீட் செய்தால் சேவ் போகாது; அது தனியாகக் கன்சோலில் இருக்கும். ஆனால் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பக்கம் போய், "இது என்ன, கேமே இல்லை, சேவ் மட்டும் கிடக்கிறதே" என்று அதையும் சேர்த்துத் துடைத்தால் போனது போனதுதான். ஒரு சேவ் சில எம்பிதான் இருக்கும். அதை நீக்குவதால் மிச்சமாகும் இடம் ஒன்றுக்கும் ஆகாது.

கன்சோல் பழுதானால் என்ன ஆகும் என்பதையும் இப்போதே யோசித்துவிடுங்கள். எக்ஸ்பாக்ஸில் இணையத்தோடு இணைந்திருந்தால் சேவ்கள் தாமாகவே கிளவுடுக்கு (இணையத்தில் உள்ள சேமிப்பிடத்துக்கு) போகின்றன, கட்டணம் இல்லை. பிளேஸ்டேஷனில் கிளவுடு சேமிப்புக்கு 'பிளேஸ்டேஷன் பிளஸ்' என்ற கட்டணச் சந்தா வேண்டும். பிளேஸ்டேஷன் 4 கேம்களின் சேவ்களை யூஎஸ்பி டிரைவுக்குத் தனியாகக் காப்பி செய்யலாம், ஆனால் பிளேஸ்டேஷன் 5 கேம்களின் சேவ்களுக்கு அந்த வழி இல்லை. ஸ்விட்சில் கேமை மைக்ரோ எஸ்டி கார்டில் வைத்திருந்தாலும் சேவ் கன்சோலின் உள் நினைவகத்தில்தான் இருக்கும். கார்டைக் கழற்றி வேறு ஸ்விட்சில் போட்டு "என் விளையாட்டைத் தொடரலாம்" என்று நினைத்தால் ஏமாற்றம்தான். அங்கேயும் கிளவுடுக்குச் சந்தா வேண்டும், அதிலும் எல்லா கேமும் கிளவுடை ஏற்பதில்லை. நூறு மணி நேரம் ஆடிய கேம் ஏதாவது உங்களிடம் இருந்தால், அது எந்த வகை என்று இன்றே பார்த்துவிடுங்கள்.

வெளியே ஒரு ஹார்ட் டிஸ்க் வாங்கிவிட்டால் இடப் பிரச்சினை தீர்ந்தது என்பதும் பாதி உண்மைதான். பிளேஸ்டேஷன் 5-க்கென்றே வந்த கேம்களை யூஎஸ்பி டிரைவில் பத்திரப்படுத்தலாம். விளையாட வேண்டுமென்றால் உள் ஸ்டோரேஜுக்கோ, உள்ளே பொருத்திய எம்.2 என்ற வகை கூடுதல் ஸ்டோரேஜ் டிரைவுக்கோ நகர்த்த வேண்டும். எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ், எஸ் கேம்களுக்கும் இதே நிலைமை. ஆனாலும் மணிக்கணக்கில் மறுபடி டவுன்லோடு செய்வதை விட நகர்த்துவது எவ்வளவோ வேகம். ஸ்விட்ச் 2-க்கு 'மைக்ரோ எஸ்டி எக்ஸ்பிரஸ்' வகை கார்டு வேண்டும். பழைய ஸ்விட்ச் கார்டில் கேமை வைத்து விளையாட முடியாது.

தவறான வெர்ஷனை இறக்குவது

ஒரே கேமுக்கு பிளேஸ்டேஷன் 4 வெர்ஷனும் 5 வெர்ஷனும் இருந்தால், இரண்டும் ஒரே கன்சோலில் இறங்கும். டவுன்லோடு பட்டனுக்குப் பக்கத்தில் உள்ள மூன்று புள்ளிகளைத் தொட்டு எது என்று பார்க்காமல் இறக்கியவர்கள், புது கன்சோலில் பழைய வெர்ஷனையே விளையாடிக்கொண்டிருப்பார்கள். பாதியில் தெரிந்து மாறினாலும் சேவ் தானாக வந்துவிடாது. சில கேம்களில் மட்டும் அதை மாற்றித் தரும் வழி மெனுவில் இருக்கும். கூடுதல் பகுதிகளும் அப்படித்தான்: வாங்கினால் போதாது, தனியாக இறக்கவும் வேண்டியிருக்கும். கேமின் மேல் வைத்து ஆப்ஷன்ஸ் அழுத்தி 'மேனேஜ் கேம் கன்டென்ட்' பாருங்கள்.

இணையம் போன அன்று மாட்டிக்கொள்வது

இணையம் இல்லாத நேரத்தில் உங்கள் கேம் திறக்க, இந்தக் கன்சோல் உங்களுடையது என்று அக்கவுண்டில் குறித்திருக்க வேண்டும். பிளேஸ்டேஷன் 5-இல் அதன் பெயர் 'கன்சோல் ஷேரிங் அண்ட் ஆஃப்லைன் பிளே'. பிளேஸ்டேஷன் 4-இல் 'பிரைமரி'. எக்ஸ்பாக்ஸில் 'ஹோம் எக்ஸ்பாக்ஸ்'. இதைப் போட்டுவைத்தால் வீட்டில் மற்றவர்களும் தங்கள் ப்ரொஃபைலில் உங்கள் கேமை விளையாடலாம். ஹோம் எக்ஸ்பாக்ஸை ஆண்டுக்கு 5 முறைதான் மாற்ற முடியும், அதனால் பார்த்து மாற்றுங்கள். நின்டெண்டோ 2025 ஏப்ரல் கடைசியில் 'விர்ச்சுவல் கேம் கார்டு' முறையைக் கொண்டுவந்தது. டிஜிட்டல் கேமை ஒரு கார்டு போல ஒரு ஸ்விட்சிலிருந்து எடுத்து இன்னொன்றில் போடலாம்; குடும்பக் குழுவில் உள்ளவருக்கு 14 நாள் இரவலும் தரலாம். எடுத்த கன்சோலில் கேமின் டேட்டா கிடந்தாலும் அது திறக்காது. பழுது என்று நினைத்து அழித்துவிட்டு மறுபடி இறக்க வேண்டாம்.

பழைய கன்சோலை விற்கும்போது மறக்கவே கூடாத வேலையும் இதுதான். முதலில் சேவ்கள் கிளவுடுக்குப் போனதா என்று சரிபாருங்கள், பிறகு இந்தக் கன்சோல் உங்களுடையது என்று அக்கவுண்டில் குறித்ததை எடுத்துவிடுங்கள், கடைசியில் ரீசெட் செய்யுங்கள். இந்த வரிசை முக்கியம்.

சந்தாவில் வந்ததை வாங்கியதாக எண்ணுவது

பிளஸ் சந்தாவில் மாதாமாதம் சேர்த்துக்கொண்ட கேம்கள் சந்தா இருக்கும்வரைதான் திறக்கும். அது முடிந்ததும் பூட்டு அடையாளம் விழும். மறுபடி சந்தா கட்டினால் அவை திரும்ப வரும். எக்ஸ்பாக்ஸின் கேம் பாஸ், பிளேஸ்டேஷனின் பிளஸ் கேட்டலாக் போன்ற சந்தாத் தொகுப்புகளில் சில சமயம் கேமே பட்டியலை விட்டுப் போய்விடும், நீங்கள் பாதி ஆடியிருந்தாலும். சேவ் மட்டும் மிஞ்சும்.

வாங்கிப் போட்டால் என்றைக்கும் இருக்கும் என்று நம்புவது

பணம் கொடுத்தாலும் நம் கையில் இருப்பது உரிமம்தான். கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல் இருக்கும் ஒரு சட்டப்படி, இது உரிமம் மட்டுமே என்று தெளிவாகச் சொல்லாமல் டிஜிட்டல் பொருளுக்கு 'வாங்கு' என்ற சொல்லைப் பயன்படுத்தக் கூடாது.

இதுவரை நடந்ததை வைத்துப் பார்த்தால், கடை மூடினாலும் வாங்கியவர்கள் உடனே கைவிடப்படுவதில்லை. நின்டெண்டோவின் பழைய கன்சோல்களான 3டிஎஸ், வீ யூ ஆகியவற்றின் ஈஷாப்புகளில் விற்பனை 2023 மார்ச்சில் நின்றது. எக்ஸ்பாக்ஸ் 360 ஸ்டோர் 2024 ஜூலை 29-இல் மூடியது. இரண்டிலும் பழைய கேம்களை மறுபடி இறக்கும் வசதியை விட்டுவைத்தார்கள். ஆனால் 2014-இல் வந்த 'பி.டி.' என்ற இலவச டெமோ அடுத்த ஆண்டு ஸ்டோரிலிருந்து நீக்கப்பட்டபோது, டிலீட் செய்தவர்களால் மறுபடி இறக்க முடியவில்லை. 'தி க்ரூ' என்ற கார் பந்தய கேமுக்கு எப்போதும் இணையம் வேண்டும். 2024 மார்ச் 31-இல் அதன் சர்வர்களை நிறுத்தியதும் வாங்கியவர்களாலும் ஆட முடியாமல் போனது.

அதனால் என் வழக்கம் இது: மனதுக்கு நெருக்கமான கேம், விற்பனையிலிருந்து எடுக்கப்போகிறார்கள் என்று செய்தி வந்தால், அதை டிலீட் செய்யும் பட்டியலிலிருந்து எடுத்துவிடுவேன். பழைய கன்சோல்களில் வாங்கியவற்றை இப்போதே இறக்கி வைத்துவிட்டேன்.

அக்கவுண்டைக் கவனிக்காமல் விடுவது

எல்லா உரிமமும் ஒரே அக்கவுண்டில் இருப்பதால் அந்த அக்கவுண்ட் போனால் எல்லாமே போகும். இரண்டு அடுக்குச் சரிபார்ப்பை, அதாவது பாஸ்வேர்டோடு இன்னொரு கோடும் கேட்கும் முறையை, போடுங்கள். அப்போது தரும் பேக்கப் கோடுகளைத் தாளில் எழுதிக் கன்சோல் பெட்டிக்குள் வையுங்கள். போனில் மட்டும் வைத்தால் போன் தொலையும்போது அதுவும் சேர்ந்து தொலையும். வாங்கியதற்கான ரசீது மெயில்களை டிலீட் செய்யாதீர்கள். அக்கவுண்ட் பறிபோனால் உங்களுடையதுதான் என்று காட்ட அவை உதவும்.

எந்த மெயிலில் பதிவு செய்தீர்கள் என்பதையும் ஒருமுறை போய்ப் பாருங்கள். அன்றைக்கு அக்கா மகனிடம் கேம் டவுன்லோடு ஆகும் நேரத்தில் அதையும் பார்க்கச் சொன்னேன். பள்ளி கொடுத்த மெயிலில் பதிவு செய்திருந்தான். படிப்பு முடிந்ததும் மூடிவிடும் மெயில் அது. கேம் பாதி இறங்குவதற்குள் தன் சொந்த மெயிலுக்கு மாற்றிவிட்டு, "மாமா, சேவ் இருக்கு, விட்ட இடத்துலயே நிக்குது" என்றான்.